மேல்சாரத்துக்காரன்

அவன் பெயரை எழுத மாட்டேன். எழுதினால் அதற்கும் ஒரு பெருமை கொண்டாடுவான். "உன்னப் பத்தி எழுதியிருக்காங்கப்பா" என்று யாராவது சொல்லிவிட்டால் போதும், அந்தப் பக்கத்தைக் கிழித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு ஊரெல்லாம் சுற்றுவான். என்ன எழுதியிருக்கிறது என்று படித்துப் பார்க்க மாட்டான். அவன் கைக்கு வந்தது எதுவாக இருந்தாலும் அவனுக்கு அது பரிசுதான்.

குவைத்துப் பாலைவனத்தில் அமெரிக்கப் பட்டாளத்துக்கு ஒரு பெரிய கேம்ப் இருந்தது. ஈராக்குக்குப் போகிற சிப்பாய்கள் அங்கே வந்து இறங்கி, சில வாரம் கிடந்துவிட்டு மேலே போவார்கள். அவர்களுக்காக ஸ்டோர், கழிப்பறை, சாப்பாட்டுக்கூடம் என்று எதையாவது கட்டிக்கொண்டே இருந்தார்கள். கம்பெனி அமெரிக்கக் கம்பெனி. கல் சுமந்தது நாங்கள். எங்கள் லேபர் கேம்ப் அங்கிருந்து அரை மணி நேரம் தள்ளி இருந்தது. காலையில் பஸ்ஸில் கொண்டுபோய் விட்டு, சாயங்காலம் எண்ணிப் பார்த்து ஏற்றிக்கொண்டு வருவார்கள். ஆறு பேர் ரூமில் மூன்று பேர் நைட் டூட்டி; அவர்கள் முகமே எனக்குச் சரியாக நினைவில்லை. மிச்சம் மூன்று பேர் நான், காளிமுத்து, அவன். நானும் காளிமுத்துவும் அறந்தாங்கிப் பக்கம். அவன் சிவகங்கைப் பக்கம்.

வேலையிலும் நாங்கள் மூவரும் ஒரே வரிசை. கீழே நான், நடுச்சாரத்தில் காளிமுத்து, மேல்சாரத்தில் அவன். குவைத்தின் செங்கல் வெள்ளையாக இருக்கும். நம்மூர்ச் செங்கலைவிடக் கனம், ஓரமெல்லாம் கத்தி. நான் கீழேயிருந்து எறிய வேண்டும், காளிமுத்து பிடித்து மேலே எறிய வேண்டும், அவன் பிடித்து அப்படியே திரும்பிக் கொத்தனார் கையில் கொடுக்க வேண்டும். மேலே ஏறுகிற கல் ஒரு நொடி நிற்கும். நிற்கிற நொடியில் கையைக் கொடுக்க வேண்டும். முந்தினால் விரல் போகும். பிந்தினால் கீழே நிற்பவன் மண்டை போகும். கீழே நிற்பவன் நான் என்பதால் இந்த விஷயம் எனக்கு நன்றாகத் தெரியும்.

உள்ளதைச் சொல்லிவிடுகிறேன். ஒரு வருஷத்தில் என் தலையில் ஒரு கல் விழவில்லை. அவன் கை அப்படி. நீளமான கை, முழங்காலைத் தொடுகிற மாதிரி தொங்கும். விரல் ஒவ்வொன்றும் முருங்கைக்காய். காளிமுத்து வேண்டுமென்றே குறி தவறி எறிந்து பார்ப்பான். அதையும் ஒரு கையால் எட்டிப் பிடித்துவிட்டு, "எண்ணே, கஞ்சி குடிக்கலயா?" என்பான். அந்த நாட்களில் அவன் மனுஷனாகத்தான் இருந்தான். ரூமில் யாருக்காவது காய்ச்சல் என்றால் ரசம் வைத்துக் கொடுப்பான். என் சட்டையைச் சேர்த்துத் துவைத்துப் போட்டிருக்கிறான். இதையெல்லாம் சொல்லாவிட்டால் நான் பொய்யன் ஆகிவிடுவேன், அதனால் சொல்கிறேன். அவன் மேல் இரக்கம் வரவேண்டும் என்பதற்காக இல்லை.

வெளியாட்கள் பட்டாளக் கேம்புக்குள் வேலை செய்தால், கூடவே துப்பாக்கியோடு ஒரு சிப்பாய் காவல் உட்கார வேண்டும் என்பது அங்கே சட்டம். நாங்கள் ஓடிவிடுவோமாம். அந்த வெயிலில் எங்கே ஓடுவது? ஒரு நாள் காவலுக்கு வந்த பொடியன், இருபது வயதுகூட இருக்காது, நாற்காலியில் உட்கார முடியாமல் ஒரு பந்தைத் தூக்கித் தூக்கிப் பிடித்துக்கொண்டிருந்தான். உரிக்காத தேங்காயைச் சின்னதாக்கின மாதிரி இரண்டு முனையும் கூரான பந்து. பொழுது போகாமல், மேல்சாரத்தைப் பார்த்து ஒரு எறி எறிந்தான். எங்கள் ஆள் அப்போது இடது கையில் செங்கல் வைத்திருந்தான். வலது கையை நீட்டிப் பந்தைப் பறித்தான். திரும்பினான். இரண்டையும் கொத்தனாரிடம் கொடுத்தான். கொத்தனார் ஒரு ராஜஸ்தான்காரர். பந்தைப் பார்த்துவிட்டு, இது என்னடா என்று, "அரே பாய், யே க்யா ஹை?" என்றார்.

சிப்பாய் துப்பாக்கியை நாற்காலியில் போட்டுவிட்டு எழுந்து நின்றான். அன்று மத்தியானம் வரை எறிந்துகொண்டே இருந்தான். வேலை நின்றுபோனது. என்ன சத்தம் என்று பார்க்க எங்கள் சைட் மேனேஜர் வந்தார். ஆறடி வெள்ளைக்காரர், தொப்பியைக் கழற்றி யாரும் பார்த்ததில்லை. கத்தப்போகிறார் என்று, வேலை செய்கிற மாதிரி காட்ட நான் மண்வெட்டியைத் தேடினேன். அவர் கத்தவில்லை. இடுப்பில் கை வைத்துக்கொண்டு, கோயிலில் தீபாராதனை பார்க்கிற மாதிரி மேலேயே பார்த்துக்கொண்டு நின்றார்.

மேனேஜருக்கு ஒரு பைத்தியம் இருந்தது. கேம்பில் பட்டாளப் பிரிவுகளுக்குள் இந்தப் பந்தாட்டப் போட்டி நடக்கும். கம்பெனிகளும் ஒரு டீம் இறக்கலாம். கம்பெனியில் வேலை செய்கிற எவனும் ஆடலாம் என்பது விதி. எங்கள் கம்பெனி டீமில் இருந்தவர்கள் எல்லாம் தொப்பை விழுந்த என்ஜினீயர்கள், ஸ்டோர்க்காரர்கள். போன சீசனில் ஒரு ஆட்டம் ஜெயிக்கவில்லை. இளம் வயதில் தான் பெரிய ஆட்டக்காரனாக ஆகியிருக்க வேண்டியவன், முழங்கால் கெடுத்துவிட்டது என்று மேனேஜர் தினம் ஒரு தடவையாவது சொல்லுவார். எனக்குக் கொஞ்சம் இங்கிலீஷ் வரும் என்பதால் என்னைக் கூப்பிட்டு, "அவனிடம் சொல், வியாழக்கிழமை ஷூ போட்டுக்கொண்டு வரச்சொல்" என்றார். நான் சொன்னேன். "ஷூ இல்லியே" என்றான் அவன். வியாழக்கிழமை ஷூ வந்தது. அவனுக்கு இனாமாக வந்த முதல் பொருள் அது.

ஆட்டம் இப்படி. ஃபுட்பால் என்று பெயர், ஆனால் காலுக்கு ஓடுவதைத் தவிர வேறு வேலை கிடையாது. ஒருவன் பின்னால் நின்று பந்தை எறிவான். இன்னொருவன் எதிராளிகளுக்கு நடுவே ஓடி, தூரத்தில் போய் அதைப் பிடிக்க வேண்டும், பிடித்துக்கொண்டு கோட்டைத் தாண்ட வேண்டும். தாண்டினால் பாயின்ட். உண்மையான ஆட்டத்தில் ஆளையே சாய்ப்பார்களாம். இங்கே அடி பட்டால் பட்டாளம் சண்டைக்குப் போக முடியாது என்று, இடுப்பில் இரண்டு துணிப் பட்டைகளைத் தொங்கவிட்டு, அதை உருவினால் போதும் என்று வைத்திருந்தார்கள். தூரத்தில் போய்ப் பிடிக்கிறவனுக்கு ரிசீவர் என்று பெயர்.

முதல் ஆட்டத்தில் அவன் செய்ததை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் சிரிப்பு வரும். எறிகிறவன் எறிந்தான். நல்ல தூரம். இவன் ஓடினான், நிமிர்ந்தான், பந்து நிற்கிற நொடியில் கையைக் கொடுத்துப் பிடித்தான். கோடு பத்தடிதான். எங்கள் ஆட்கள் கத்தத் தொடங்கிவிட்டார்கள். இவன் அப்படியே இடுப்பைத் திருப்பி, பக்கத்தில் வந்து நின்றவன் கையில் பந்தைக் கொடுத்துவிட்டான். பக்கத்தில் நின்றவன் எதிராளி. அந்தச் சிப்பாய்க்கு என்ன செய்வதென்றே தெரியவில்லை. ஒரு விநாடி "தேங்க் யூ" என்று சொல்லப்போகிற மாதிரி இருந்தான், அப்புறம் ஓடினான். ஒரு வருஷம் பிடித்துத் திரும்பிக் கொடுத்த கை. வேறென்ன செய்யும்? மைதானமே விழுந்து விழுந்து சிரித்தது. அவன் சிரிக்கவில்லை. கையையே பார்த்துக்கொண்டு நின்றான்.

மேனேஜர் என்னை இழுத்துக்கொண்டு உள்ளே ஓடினார். "கெட்டியாகப் பிடிக்கச் சொல். யாருக்கும் கொடுக்காதே என்று சொல். அவனுக்குச் சொல்!" நான் சொன்னேன்: "புடிச்சா ஒருத்தனுக்கும் குடுக்காத. மார்போட அணைச்சுக்கிட்டு ஓடு. அது ஒன்னோட பொருள்னு நெனச்சுக்க." அவன் தலையாட்டினான். இத்தனை வருஷத்தில் நான் சொல்லி ஒருவன் உருப்படியாகக் கேட்டான் என்றால் அது அவன்தான்.

அதன் பிறகு எவனுக்கும் எதையும் கொடுக்கவில்லை.

அந்த சீசனில் ஆறு ஆட்டம். ஆறிலும் அவன்தான் பேச்சு. வெள்ளைக்காரச் சிப்பாய்களும் கறுப்புச் சிப்பாய்களும் அவன் இடுப்புப் பட்டைக்குப் பாய்ந்து பாய்ந்து மண்ணைக் கவ்வினார்கள். பந்து வரும்போது அவன் எறிந்தவனைத் திரும்பிப் பார்க்க மாட்டான். சாரத்தில் கற்ற பழக்கம். "வர்றத மட்டும் பாரு. எறிஞ்சவனப் பாத்தா கோட்ட விட்ருவ" என்பான். அதை ரூமுக்கு வருகிறவன் போகிறவனிடமெல்லாம் ஏதோ மகா ஞானம் மாதிரி சொல்லிக்கொண்டு திரிந்தான். கேட்டுத் தலையாட்டவும் நாலு மடையர்கள் இருந்தார்கள்.

பிறகு அவனுக்கு வந்து சேர்ந்தவை: பந்து கையில் ஒட்டுகிற மாதிரி ஒரு ஜோடி கையுறை. அவன் படம், மேனேஜர் ஆபீஸ் சுவரில். எல்லாவற்றுக்கும் மேலாக, வேறு நிறத்தில் ஒரு பேட்ஜ். எங்கள் பேட்ஜ் சிவப்பு, காவல் சிப்பாய் இல்லாமல் மூத்திரம் பெய்யக்கூடப் போக முடியாது. அவன் பேட்ஜ் பச்சை. தனியாக எங்கே வேண்டுமானாலும் போகலாம், பட்டாளச் சாப்பாட்டுக்கூடத்தில் உட்கார்ந்து தின்னலாம். ஐஸ்கிரீம் உண்டாம். எத்தனை வகை என்று எங்களிடம் வந்து விரல் விட்டுச் சொல்வான். ஒரு ஆப்பிளாவது கொண்டுவந்து கொடுத்தானா? கொண்டுவந்தான். தன் டிரங்குப் பெட்டியில் வைத்துப் பூட்டினான். ஒரு வாரம் கழித்து ரூமெல்லாம் அழுகல் நாற்றம். திறந்து பார்த்தால் பன்னிரண்டு ஆப்பிள், எல்லாம் கறுத்துப்போய். "தின்னிருக்கலாமில்ல, எங்களுக்காவது குடுத்திருக்கலாமில்ல?" என்று காளிமுத்து கேட்டதற்கு, "கேட்டா குடுக்க மாட்டேன்னா சொல்றேன்?" என்றான். இது அவனுடைய இன்னொரு வசனம். கேட்டுப் பார்த்தவர்களுக்குத்தான் அதன் அர்த்தம் தெரியும்.

இரவல் வாங்கிய நகவெட்டி, என் டிரான்சிஸ்டர், காளிமுத்துவின் கம்பளி, எதுவும் திரும்பி வராது. திருட்டுப் புத்தி என்று சொல்ல மாட்டேன். திருடனுக்காவது அது அடுத்தவன் பொருள் என்று தெரியும்.

இரண்டாவது சீசன் வந்ததும், கையைப் பத்திரமாக வைத்துக்கொள்ள வேண்டும் என்று மேனேஜர் அவனைச் செங்கலிலிருந்து விடுவித்துவிட்டார். சைட்டுக்கு வருவான், நிழலில் உட்கார்ந்து உள்ளங்கையில் தேங்காய் எண்ணெய் தேய்ப்பான். மேல்சாரத்துக்குக் காளிமுத்துவையும் நடுச்சாரத்துக்கு என்னையும் ஏற்றினார்கள். காளிமுத்துவுக்கு நாற்பத்தைந்து வயது, கண்ணும் முன்னைப்போல் இல்லை. இரண்டாவது வாரத்தில் ஒரு கல் அவன் வலது கை நடுவிரலை நசுக்கியது. நகம் அப்படியே கழன்று வந்தது. நான் எறிந்த கல்தான். கீழேயிருந்து கூச்சல் போட்டேன். நிழலில் இருந்தவன் எழுந்து வந்து விரலைப் பார்த்துவிட்டு, "முந்திட்டியேண்ணே" என்றான். அவ்வளவுதான். ஏதோ பயிற்சியாளர் மாதிரி. போய் மறுபடியும் எண்ணெய் தேய்த்தான்.

ஒன்றை ஒத்துக்கொள்ள வேண்டும். அவன் ஓடும்போது பார்க்க நன்றாகத்தான் இருந்தது. நானும் கோட்டோரம் நின்று தொண்டை கிழியக் கத்தியிருக்கிறேன். ஆட்டத்துக்கு ஆட்டம் மேனேஜர் சொல்வதை அவனுக்கும், அவன் சொல்வதை மேனேஜருக்கும் மாற்றிச் சொல்ல நான் போக வேண்டும். எனக்கும் அந்த நாட்களில் ஒரு பச்சைப் பேட்ஜ் கொடுத்திருந்தார்கள், ஆட்டம் முடிந்ததும் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும். அவன் பத்து வார்த்தை பேசினால் ஒன்பது "நோ ப்ராப்ளம் கோச்". அதற்கு நான் எதற்கு என்று எனக்கே தெரியவில்லை. என்றாலும் வெயிலில் கல் எறிவதைவிட அது தேவலை.

இரண்டாவது சீசனின் கடைசி ஆட்டம் நவம்பரில் வந்தது. அமெரிக்கர்களுக்கு அந்த மாதம் ஒரு வியாழக்கிழமை வான்கோழி விருந்து உண்டு. அன்று காலை பத்து மணிக்கு ஆட்டம், பிறகு விருந்து. கம்பெனி முதல் தடவையாகக் கடைசி ஆட்டம் வரை வந்திருந்தது. மேனேஜர் மூன்று நாளாகத் தூங்கவில்லை என்று அவரே சொன்னார்.

அன்று விடியற்காலை காளிமுத்துவுக்கு ஊரிலிருந்து போன். அப்பா போய்விட்டார். ஐஸ் பெட்டியில் வைத்திருக்கிறார்கள், வெள்ளிக்கிழமை சாயங்காலம் வரை தாங்கும், அதற்குமேல் வைக்க மாட்டோம் என்று பங்காளிகள் சொல்லிவிட்டார்கள். காளிமுத்து ஒரே மகன். அவன்தான் கொள்ளி வைக்க வேண்டும். கட்டிலில் உட்கார்ந்து போனைக் கையில் வைத்துக்கொண்டே, "நான் போயாகணும், நான் போயாகணும்" என்று சொல்லிக்கொண்டிருந்தான். அழவில்லை.

பாஸ்போர்ட் கம்பெனி பெட்டகத்தில். லீவு செக்‌ஷனில் இருந்த மலையாளிப் பையன் நல்ல மனுஷன். ஓடிப்போய்க் கேட்டோம். "மேனேஜர் ஒரு சைன் இட்டா மதி. இன்னு வைகிட்டு ஃப்ளைட்டுண்டு. ஞான் ஒரு மணி வரெ இவிடெ இரிக்காம். அது கழிஞ்ஞா சனியாழ்ச்சயே உள்ளூ" என்றான். மேனேஜர் கையெழுத்து ஒன்று போதும், சாயங்காலமே ஃப்ளைட் உண்டு; ஒரு மணி தாண்டினால் சனிக்கிழமைதான். மேனேஜரோ ஆட்ட மைதானத்தில். விடுமுறை என்பதால் காவல் சிப்பாய் கிடையாது, சிவப்புப் பேட்ஜ்காரர்கள் யாரும் பட்டாளக் கேம்புக்குள் போக முடியாது. போகப்போவது இரண்டே பேர், அவனும் நானும். நான் ஒரு வெள்ளைத் தாளில் இங்கிலீஷில் லெட்டர் எழுதினேன். அப்பா இறந்தது, ஒரே மகன், சுருக்கமாக ஐந்து வரி. காளிமுத்து கீழே கையெழுத்துப் போட்டான். கட்டுப் போட்ட விரலோடு பேனாவைப் பிடிக்கத் தெரியாமல் பிடித்துப் போட்டான்.

அவன் கண்ணாடி முன்னால் நின்று தலை சீவிக்கொண்டிருந்தான். காளிமுத்து அவன் பக்கத்தில் போய் நின்றான்.

"தம்பி, நீ சொன்னா வெள்ளைக்காரன் தட்ட மாட்டான். ஒரு கையெழுத்துப்பா. எங்கப்பாவுக்கு நாந்தான் கொள்ளி போடணும்."

"சொல்லிர்றேண்ணே. இது கேக்கணுமா? வெளாட்டு முடிஞ்ச ஒடனே சொல்லிர்றேன்."

"முடிஞ்சப்பறமா? ஒரு மணிக்கு ஆபீஸ் பூட்டிருவாம்ப்பா. முந்தியே சொல்லிரு."

"முந்தி சொன்னா அவரு மனசு கலைஞ்சிரும்ணே. பன்னண்டுக்கெல்லாம் முடிஞ்சிரும். கேட்டா குடுக்க மாட்டேன்னா சொல்லுவாரு?"

காளிமுத்து என்னைப் பார்த்தான். "நீ கூட இருந்து பாத்துக்கப்பா" என்றான். லெட்டரை மடித்து என் பையில் வைத்தேன். ஆட்ட நாளில் வேலைப் பேச்சை எடுத்தால் மேனேஜர் எப்படிக் கடித்துக் குதறுவார் என்று எனக்குத் தெரியும். முன்பு ஒரு தடவை சிமென்ட் வண்டி வரவில்லை என்று சொல்லப்போய் எல்லார் முன்னாலும் வாங்கிக் கட்டிக்கொண்டவன் நான். அவரிடம் பேசக்கூடிய வாய் ஒன்றுதான் இருந்தது. அது தலை சீவிக்கொண்டிருந்தது.

ஆட்டம் தொடங்கியது. மைதானத்தைச் சுற்றி ஆயிரம் சிப்பாய்களாவது இருப்பார்கள். முதல் பாதியில் அவன் ஒரு தடவை கோட்டைத் தாண்டினான். எதிராளிகள் இரண்டு தடவை தாண்டினார்கள். இடைவேளை விட்டபோது மணி பதினொன்று. மேனேஜர் தரையில் படம் போட்டு ஏதோ கத்திக்கொண்டிருந்தார். நான் அவன் கண்ணில் படுகிற மாதிரி லெட்டரை எடுத்துப் பிடித்தேன். பார்த்தான். நன்றாகப் பார்த்தான், அதில் சந்தேகம் இல்லை. ஆரஞ்சு ஜூஸைக் குடித்தான், வாயைத் துடைத்தான், கையுறையை இழுத்து மாட்டிக்கொண்டு முகத்தைத் திருப்பிக்கொண்டான். அந்த முகத்தை என் சாகும் நாள் வரை மறக்க மாட்டேன். அப்பன் செத்தவனுக்கு ஒரு வார்த்தை சொல்ல வக்கில்லாத முகம்.

இரண்டாம் பாதியில் நாங்களும் இன்னொரு தடவை தாண்டி, பாயின்ட் சமமாக இருந்தது. கடைசி எறி. பந்து தூக்கலாகப் போனது. வெளியே விழும் என்றுதான் எல்லாரும் நினைத்தோம். அவன் பாயின்ட் கோட்டைத் தாண்டி ஓடி, ஓரக்கோட்டுக்குள் காலை ஊன்றி, உடம்பு முழுவதும் வெளியே சாய்ந்து, ஒரு கையால் எட்டிப் பிடித்து மார்போடு அணைத்துக்கொண்டு விழுந்தான். கம்பெனி ஜெயித்துவிட்டது. சிப்பாய்கள் அவனைத் தோளில் தூக்கிக்கொண்டு மைதானத்தை மூன்று சுற்று சுற்றினார்கள். பந்தை அவனுக்கே கொடுத்துவிட்டார்கள். தலைக்குமேல் பிடித்தபடி, கீழே யார் இருக்கிறார்கள் என்று தெரியாமல் போய்க்கொண்டிருந்தான். பிறகு படம் எடுத்தார்கள். பிறகு விருந்துக்கூடத்துக்கு இழுத்துக்கொண்டு போனார்கள். மேனேஜர் யாரையோ கட்டிப் பிடித்து அழுதார். அப்புறம் வண்டியில் ஏறி சிட்டிக்குப் போய்விட்டார், வாரக் கடைசிக்கு. என்னிடமிருந்து பச்சைப் பேட்ஜை வாங்கிக்கொண்டு பஸ்ஸில் ஏற்றிவிட்டார்கள். நான் லேபர் கேம்புக்கு வந்து சேர்ந்தபோது மணி ஒன்றே முக்கால். மலையாளிப் பையன் அரை மணி கூடுதலாகக் காத்திருந்துவிட்டுப் பூட்டிக்கொண்டு போயிருந்தான்.

காளிமுத்து கேட் பக்கத்திலேயே பையோடு நின்றான். குளித்து, வேட்டி கட்டியிருந்தான். நான் இல்லை என்று தலையை ஆட்டினேன். அவன் பையைத் தூக்கிக்கொண்டு உள்ளே போனான்.

வெயில் தாழ அவன் வந்தான். கழுத்தில் மெடல், அக்குளில் பந்து, கையில் வெள்ளித்தாள் சுற்றிய ஒரு தட்டு. அவன் ரூமுக்கு ஏதாவது கொண்டுவந்து அடுத்தவனுக்குக் கொடுத்தது அந்த ஒரு நாள்தான். காளிமுத்து முன்னால் வைத்துத் தாளைப் பிரித்தான். வான்கோழிக் கறி.

"சாப்புடுண்ணே. மறந்தே போச்சுண்ணே. தூக்கிட்டாய்ங்க, எறங்கவே விடல."

துக்க வீட்டுக்காரன் முன்னால் கறி. நான் எழுந்து அடிக்கப் போனேன். காளிமுத்துதான் கையைப் பிடித்துக்கொண்டான். "விடுப்பா. ஜெயிச்சிட்டியா தம்பி?" என்று அவனிடம் கேட்டான். ஜெயித்துவிட்டேன் என்று அவனும் கூசாமல் சொன்னான்.

மறுநாள் வெள்ளிக்கிழமை சாயங்காலம் காளிமுத்து போனைக் காதோடு அழுத்திக்கொண்டு வெளிச்சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தான். ஊரில் யாரோ போனை உயர்த்திப் பிடித்திருக்கிறார்கள். பக்கத்தில் நின்ற எனக்கே பறைச் சத்தம் கேட்டது. பெரியப்பா மகன் கொள்ளி வைத்தான். நடுவில் போன் கார்டு தீர்ந்துவிட்டது. அதற்குப் பிறகும் அவன் போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. சனிக்கிழமை கையெழுத்துக் கிடைத்தது. ஞாயிற்றுக்கிழமை போனான். சாம்பலைக்கூட அள்ளிக் கரைத்துவிட்டிருந்தார்கள்.

அதோடு நான் அவனோடு பேச்சை நிறுத்தினேன். அவனுக்கு அது தெரிந்ததா என்பதே சந்தேகம். அடுத்த மார்ச்சில் மேனேஜருக்குக் கத்தாரில் பெரிய வேலை கிடைத்தது. அங்கேயும் ஒரு பட்டாளக் கேம்ப், அங்கேயும் ஒரு டீம். பெட்டி படுக்கையோடு அவனையும் கூட்டிக்கொண்டு போனார். காளிமுத்துவின் கம்பளியும் என் டிரான்சிஸ்டரும் அவனோடு கத்தார் போயின. அங்கே அவனை ஒரு அமெரிக்கப் பத்திரிகையில் போட்டார்களாம், பட்டாளத்துப் பத்திரிகை. ஜிம்முக்கு இன்சார்ஜ் ஆக்கினார்களாம். எல்லாம் கேள்விப்பட்டதுதான். கேட்கும்போதெல்லாம் காறித் துப்புவேன். இருபது வருஷம் ஆகப்போகிறது, இன்னும் துப்பிக்கொண்டிருக்கிறேன். கல்யாண வீடு, கருமாதி வீடு, எங்கே நாலு பேர் கூடினாலும் இந்தக் கதையைச் சொல்லியிருக்கிறேன். கேட்டவர்கள் எல்லாரும் "சீ, இவனெல்லாம் ஒரு மனுஷனா" என்றுதான் சொன்னார்கள்.

போன ஆடியில் அறந்தாங்கி பஸ் ஸ்டாண்டில் காளிமுத்துவைப் பார்த்தேன். அறுபதைத் தாண்டிவிட்டான். பேரனுக்குச் சைக்கிள் டயர் வாங்க வந்தானாம். டீக்கடைப் பெஞ்சில் உட்கார்ந்தோம். குவைத்தைப் பற்றிப் பேச்சு வந்ததும் அவன் முகம் மலர்ந்தது. டீக்கடைக்காரரைக் கூப்பிட்டு, "அண்ணே, எங்க ரூம்ல ஒருத்தன் இருந்தான். அமெரிக்காக்காரன் பூராப் பயலையும் ஓட விட்டான், கேளுங்க" என்று தொடங்கி, அந்த ஒற்றைக் கைப் பிடியைத் தான் நேரில் பார்த்த மாதிரி கையை நீட்டிக் காட்டினான். அவன் ஒரு ஆட்டம்கூடப் பார்த்தவன் இல்லை. எல்லாம் நான் சொல்லிக் கேட்டது.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "அந்த நாயைப் பத்தி எங்கிட்ட பேசாத. அப்பனுக்குக் கொள்ளி வைக்க விடாம பண்ணுனவன். இடைவேளையில லெட்டரக் காட்டுறேன், மூஞ்சியத் திருப்பிக்கிட்டாம்ப்பா!"

காளிமுத்து டீயை ஊதிக்கொண்டே கேட்டான். சண்டைக்கு இழுக்கிற குரல் இல்லை. நிஜமாகவே தெரிந்துகொள்ள ஆசைப்பட்ட மாதிரிதான் கேட்டான்.

"அவன் ஆடிக்கிட்டிருந்தான். நீ சும்மாதானப்பா நின்ன?"

அந்த இடைவேளையில் இன்னொன்றும் நடந்தது. யாரிடமும் நான் அதைச் சொன்னதில்லை. அவன் முகத்தைத் திருப்பிக்கொண்ட பிறகு மேனேஜர் நிமிர்ந்தார். என் கையில் தாளைப் பார்த்துவிட்டு, என் தோளில் கை வைத்து, "அது என்ன?" என்று கேட்டார். கடிக்கிற முகம் இல்லை, சாதாரணமாகத்தான் கேட்டார். அவர் சட்டைப் பையில் பேனா இருந்தது. நிழலில் உட்கார்ந்து ஆள் வருகை எழுதுகிற டைம்கீப்பர் வேலைக்கு நான் போட்டிருந்த மனு அந்த வாரம் அவர் மேஜையில் கிடந்தது. "நத்திங் சார். குட் கேம் சார்" என்று சொல்லி, தாளை நாலாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டேன். டிசம்பரில் என்னை டைம்கீப்பர் ஆக்கினார்கள்.

காளிமுத்து என் பதிலுக்காகக் காத்திருந்தான். பஸ் வந்துவிட்டது என்று சொல்லிவிட்டு எழுந்தேன். வந்தது பட்டுக்கோட்டை பஸ். எனக்கு அங்கே ஒரு வேலையும் இல்லை. அதில் ஏறி உட்கார்ந்தேன்.